மாவு பிசைந்துகொண்டே ஜப்ஜி

சீக்கியர்கள் தினமும் குருத்வாராவுக்குப் போவார்களா, வீட்டில் பூஜை அறை உண்டா, என்ன சொல்லிக் கும்பிடுவார்கள் என்று ஊருக்கு வரும்போதெல்லாம் யாராவது கேட்டுவிடுவார்கள். லூதியானாவில் சில வருஷம் இருந்தவன், எனக்குத் தெரிந்திருக்கும் என்று நினைப்பு. ஓரளவு தெரியும்தான். ஆனால் குருத்வாராவில் பார்த்துத் தெரிந்துகொண்டதைவிட, குடியிருந்த வீட்டின் சமையலறையிலிருந்து காதில் விழுந்ததுதான் அதிகம். திருப்பூர்க்காரனுக்கு லூதியானாவில் என்ன வேலை என்று விளக்கத் தேவையில்லை. அங்கே ஸ்வெட்டர், இங்கே பனியன், நூல் பேசும் பாஷை இரண்டு ஊரிலும் ஒன்றுதான். மாடியில் ஒற்றை அறை, அங்கே அதை பர்சாத்தி என்பார்கள். கீழே வீட்டுக்காரர் குடும்பம். அவருக்கு சைக்கிள் உதிரி பாகக் கடை. அவருடைய அம்மாவை வீட்டில் எல்லோரும் பீஜி என்று கூப்பிட்டார்கள், நானும் அப்படியே.

பீஜி நாலு மணிக்கு எழுந்துவிடுவார். டிசம்பரில் மூடுபனி இறங்கி, எதிர்வீட்டு கேட் கூடக் கண்ணுக்குத் தெரியாத நாட்களிலும் அதே நாலு மணிதான். முதலில் குளிக்கிற சத்தம் கேட்கும், அப்புறம் குக்கர் மூடியோ பாத்திரமோ உருளும் சத்தம், அதற்குப் பின்னால் ஒரே சீராக, ஏற்ற இறக்கம் அதிகம் இல்லாத ஒரு முணுமுணுப்பு. ஆரம்பத்தில் யாருடனோ போனில் பேசுகிறார் என்றுதான் நினைத்தேன். பரோட்டாவுக்கு மாவு பிசைந்துகொண்டே ஜப்ஜி என்ற காலைப் பிரார்த்தனையைச் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார்.

இந்த தினசரி ஓதலுக்கு நித்நேம் என்று பெயர். குருமார்களின் பாடல்களை பாணி என்பார்கள், எந்த நேரத்துக்கு எந்த பாணி என்பது முறைப்படுத்தப்பட்டிருக்கிறது. குருத்வாராக்களை நிர்வகிக்கும் சிரோமணி குருத்வாரா பிரபந்தக் கமிட்டி 1945-இல் ஏற்றுக்கொண்ட ரஹித் மரியாதா என்ற நடைமுறைத் தொகுப்பின்படி, விடிவதற்கு மூன்று மணி நேரம் முன்பே எழுந்து குளித்து, வாஹேகுரு என்று நாமத்தை நினைத்துவிட்டு, ஜப்ஜி, ஜாப், பத்து சவையே ஆகியவற்றைச் சொல்ல வேண்டும். பொழுது சாய்ந்ததும் ரெஹ்ராஸ், படுக்கப் போகுமுன் சோஹிலா. அமிர்தம் எடுத்துக்கொண்டவர்கள், அதாவது தீட்சை பெற்று கால்சா என்ற அமைப்பில் சேர்ந்தவர்கள், பலர் காலையில் சௌபாய், ஆனந்த் இரண்டையும் சேர்த்து ஐந்தாகச் சொல்வார்கள். பூசாரி கிடையாது, விக்கிரகம் கிடையாது, நைவேத்தியம் கிடையாது. தலையை மூடிக்கொள்ள ஒரு துணியும் வாயில் வார்த்தையும் இருந்தால் போதும். மனப்பாடம் இல்லாதவர்கள் குட்கா என்ற சிறு புத்தகத்தைப் பார்த்துப் படிப்பார்கள். (பெயரைக் கேட்டு புகையிலையை நினைத்துக்கொள்ள வேண்டாம். அமிர்தம் எடுத்தவருக்குப் புகையிலை விலக்கப்பட்ட நாலு விஷயங்களில் ஒன்று.) அதைத் துணியில் சுற்றி, உயரமான அலமாரித் தட்டில் வைத்திருப்பார்கள். கை கழுவாமல் யாரும் தொடுவதில்லை.

மாவு பிசையும் விஷயத்தில் அந்த வீட்டில் ஒரு ஓயாத வழக்கு இருந்தது. மருமகள் அமிர்தம் எடுத்துக்கொண்ட குடும்பத்திலிருந்து வந்தவர். பாணி சொல்வதென்றால் உட்கார்ந்து, மனதை வேறெங்கும் விடாமல் சொல்ல வேண்டும் என்பது அவர் கட்சி. பீஜிக்கு அதில் ஆட்சேபம் ஏதும் இல்லை. ஆறு பேருக்கு யார் ரொட்டி போடுவது என்று மட்டும் கேட்பார். மூன்றாவது கட்சி மருமகளுடைய மகன். காலேஜுக்கு பைக்கில் போகும்போது ஹெட்போனில் ஜப்ஜி கேட்பான், அதோடு சரி. கேட்டால், ஜப்ஜியில் எட்டிலிருந்து பதினொன்று வரை நாலு பவுடி (நம் பாஷையில் செய்யுள்) முழுக்கக் கேட்பதன் பெருமையைத்தானே சொல்கிறது என்று மடக்குவான். உண்மையும் அதுதான். நாலு பவுடியும் ‘சுணியே’ என்றுதான் திரும்பத் திரும்ப ஆரம்பிக்கும், கேட்பதால் துன்பமும் பாவமும் ஒழியும் என்றுதான் முடியும். பையன் படிப்பில் எப்படியோ, வாதத்தில் கெட்டிக்காரன்.

ஜப்ஜி குரு நானக் பாடியது. மூல மந்திரம், ஒரு சலோக் (சுலோகம்தான்), அப்புறம் 38 பவுடி, கடைசியில் இன்னொரு சலோக். நிதானமாகச் சொன்னால் இருபது இருபத்தைந்து நிமிஷம் ஆகும், பீஜி அதற்கும் குறைவாகவே முடிப்பார். சீக்கியர்களின் புனித நூலான, 1430 பக்கம் கொண்ட குரு கிரந்த் சாகிப் இதில்தான் தொடங்குகிறது. முதல் பதிமூன்று பக்கங்களில் ஜப்ஜி, அடுத்து மாலைக்கான பாடல்கள், இரவுக்கான பாடல்கள் என்று அன்றாடம் சொல்ல வேண்டியதெல்லாம் வந்துவிடும். பதினாலாம் பக்கத்திலிருந்துதான் ராகங்கள் ஆரம்பம், மொத்தம் 31. தேவாரத்தைப் பண் வாரியாகத் தொகுத்ததைப் பார்த்த நமக்கு இந்த அடுக்கு முறை சட்டென்று பிடிபட்டுவிடும். ஜப்ஜிக்கு ராகம் குறிப்பிடவில்லை. பாடுவதற்கில்லை, சொல்வதற்கு. அதனால்தானோ என்னவோ, அடுப்படியில் அது அவ்வளவு பொருந்திப்போகிறது.

எனக்கு பஞ்சாபி கொஞ்சம் கொஞ்சமாகக் காதில் ஏறிய பிறகு, வீட்டுக்காரரிடம் கேட்டுக் கேட்டு அர்த்தம் தெரிந்துகொண்டேன். முதலில் வியப்பாக இருந்தது என்னவென்றால், இவ்வளவு நீளத்துக்கும் இது வேண்டும் அது வேண்டும் என்று கேட்கிற இடம் அனேகமாக இல்லை. முதல் பவுடியிலேயே ஒரு கேள்வி, உண்மையானவனாக ஆவது எப்படி, பொய்யின் சுவர் உடைவது எப்படி என்று. அதே பவுடியில் பதிலும் வந்துவிடும்: அவன் ஆணைப்படி நட, அது உன்னோடே எழுதப்பட்டிருக்கிறது. எனக்கு ரொம்பப் பிடித்தது 38-ஆவது பவுடி. ஒரு பொற்கொல்லர் பட்டறை. புலனடக்கம்தான் உலைக்களம், பொறுமை தட்டான், அறிவு பட்டடைக்கல், ஞானம் சுத்தியல், பயம் துருத்தி, தவம் நெருப்பு, அன்பு பொன் உருக்கும் மூசை. அந்த மூசையில்தான் அமிர்தத்தை உருக்கி வார்க்க வேண்டும். மெஷினோடு மல்லுக்கட்டுகிறவனுக்கு இது வேறு மாதிரி கேட்கும். இங்கே கடவுளைத் தேடி காட்டுக்குப் போகச் சொல்லவில்லை, பட்டறையைத் திறக்கச் சொல்கிறது. கடைசிச் சலோக்கில் காற்று குரு, தண்ணீர் தகப்பன், பூமி பெரிய தாய், இரவும் பகலும் இரண்டு செவிலிகள், அவர்கள் மடியில் உலகமே விளையாடுகிறது. பீஜி இதைச் சொல்லி முடிக்கிற நேரத்துக்குத் தோசைக்கல் போல ஒரு தவா அடுப்பில் ஏறியிருக்கும்.

அதற்காகக் கேட்பதே தப்பு என்றும் கிடையாது. மாலையில் குருத்வாராக்களில் பாடும் ஆரத்திப் பாடல்களில், செருப்புத் தைத்த ரவிதாஸ், நாவிதர் சைன், நெசவாளர் கபீர், விவசாயி தன்னா என்று பலருடைய பாட்டுகளையும் சேர்த்துப் பாடுவார்கள், எல்லாம் கிரந்தத்தில் உள்ளவை. அதில் தன்னா பாட்டைக் கேட்க வேண்டும். பருப்பு கொடு, மாவு கொடு, நெய் கொடு, காலுக்குச் செருப்பு, நல்ல துணி, ஏழு உழவு உழுத நிலத்துத் தானியம், கறவைப் பசுவும் எருமையும், ஓட்டுவதற்கு நல்ல குதிரை, வீட்டுக்கு நல்ல மனைவி. கபீர் இன்னும் ஒரு படி மேலே போய், பசியோடு பக்தி பண்ண முடியாது, இந்தா உன் ஜெபமாலை, நீயே வைத்துக்கொள் என்கிறார். இரண்டு சேர் மாவு, கால் சேர் நெய், உப்பு, அரை சேர் பருப்பு, நாலு கால் கட்டில், தலையணை, போர்வை என்று மளிகைக் கடைக்காரரிடம் சொல்வது போலப் பட்டியல் போட்டுக் கேட்கிறார். இந்த இரண்டு பாட்டையும் புனித நூலுக்குள் வைத்த மனசு எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது.

வீட்டுக்காரர் வேறு ரகம். குளித்துவிட்டு வந்து, தலைப்பாகைத் துணியின் ஒரு நுனியை மகனிடம் கொடுத்து இழுத்துப் பிடிக்கச் சொல்லி மடிக்கும்போதே ஜாப் ஆரம்பித்துவிடும். அது பத்தாவது குரு கோபிந்த் சிங் இயற்றியது, 199 செய்யுள், சமஸ்கிருதமும் பாரசீகமும் அரபியும் கலந்து நமஸ்த்வங் நமஸ்த்வங் என்று குதிரை பாய்கிற வேகத்தில் ஓடும் சந்தம். அர்த்தம் ஒருபக்கம் இருக்கட்டும், அந்தச் சந்தமே தூக்கத்தைக் கலைத்துவிடும். அவர் ஐந்து மீட்டர் துணியைச் சுற்றி முடிக்கவும் கணிசமான பாகம் முடிந்திருக்கும்.

ஆறு, ஆறரைக்கெல்லாம் எல்லோர் போனிலும் ஹுக்கம்நாமா வந்துவிடும். அமிர்தசரஸ் ஹர்மந்திர் சாகிபில், அதாவது பொற்கோயிலில், விடிவதற்கு வெகு முன்பே, அதே வளாகத்தில் உள்ள அகால் தக்திலிருந்து குரு கிரந்த் சாகிபைப் பல்லக்கில் ஏற்றிக்கொண்டு வருவார்கள். நரசிங்கா கொம்பு ஊதும், பல்லக்குக்குத் தோள் கொடுக்க ஒரு பெரிய கூட்டமே முண்டியடிக்கும். உள்ளே ஆசா தி வார் என்ற காலைப் பாடல் பாடிக்கொண்டிருப்பார்கள். கிரந்தத்தை மேடையில் வைத்து, எந்தப் பக்கம் வருகிறதோ அந்தப் பக்கத்தைத் திறந்து, இடதுபக்கத்தின் தலைப்பில் இருக்கும் பாடலை அது தொடங்கும் இடத்திலிருந்து வாசிப்பார்கள். அன்றைய நாளுக்கு அதுதான் குருவின் ஆணை. ராத்திரி அதே பல்லக்கில் திரும்பி அகால் தக்துக்குப் போய், அங்கே ஓர் அறையில் கிரந்தம் துயிலும். 1708-இல் நாந்தேடில் கோபிந்த் சிங் தனக்குப் பின் மனித குரு கிடையாது, கிரந்தமே குரு என்று சொல்லிவிட்டதால், ஒரு பெரியவரை எப்படி நடத்துவார்களோ அப்படியே நடத்துகிறார்கள், வெயில் காலத்தில் ஏசி வரை. வீட்டிலேயே கிரந்தம் வைத்துக்கொள்ள வேண்டுமென்றால் அதற்கென்று தனி அறை, காலையில் திறப்பது, இரவில் மூடுவது என்று எல்லாவற்றுக்கும் ஆள் வேண்டும். பெரும்பாலான வீடுகள் குட்காவோடு நிறுத்திக்கொள்வது அதனால்தான்.

இதில் எனக்கு ஒரு குறை உண்டு, சொல்லிவிடுகிறேன். ரஹித் மரியாதா பெண்களுக்குப் பாராயணத்திலோ கீர்த்தனையிலோ தடை சொல்லவில்லை. ஊர் குருத்வாராக்களில் பெண்கள் பாடுகிறார்கள். ஆனால் ஹர்மந்திர் சாகிபின் உள்ளே கீர்த்தனை பாடுவது ஆண்கள்தான். பெண்களையும் அனுமதிக்க வேண்டும் என்று 2019 நவம்பரில் பஞ்சாப் சட்டமன்றமே தீர்மானம் போட்டது. அந்தச் செய்தி டிவியில் ஓடியபோது மருமகள் சத்தத்தைக் கூட்டினார், வீட்டுக்காரர் ஒன்றும் சொல்லவில்லை, பீஜி உள்ளே போய்விட்டார். ஆறு பேர் உள்ள அந்த வீட்டில் எல்லோருக்கும் ஜப்ஜி வந்தது பீஜியின் வாயிலிருந்துதான் என்பதால், எனக்கு அந்தத் தடையில் நியாயம் தெரியவில்லை.

மாலை ரெஹ்ராஸ் கடையிலேயே நடந்துவிடும். லைட் போடுகிற நேரத்தில் போனில் ஒலிக்கவிட்டு, கல்லாவில் உட்கார்ந்தபடி வீட்டுக்காரரும் கூடவே சொல்வார். வாடிக்கையாளர் வந்தால் வேலையாள் சைகையிலேயே பேரம் பேசிவிடுவான்.

இரவு சோஹிலா பற்றிச் சொல்ல நிறைய இருக்கிறது. ஐந்தே ஐந்து பாட்டு, பத்து நிமிஷம் கூட ஆகாது. வானமே தாம்பாளம், சூரியனும் சந்திரனும் விளக்கு, நட்சத்திரங்கள் முத்து, காடுகளின் மலரெல்லாம் உனக்குப் பூ என்ற நானக்கின் ஆரத்தி இதில்தான் வருகிறது. பூரி ஜகந்நாதர் கோயிலில் ஆரத்தியைப் பார்த்துவிட்டு அவர் பாடியது என்பது மரபு. ஆனால் முதல் பாட்டு வேறு. கல்யாண நாள் குறித்தாகிவிட்டது, எல்லோரும் சேர்ந்து வாசலில் எண்ணெய் வாருங்கள், நான் என் நாயகனோடு சேர வாழ்த்துங்கள் என்று மணப்பெண் சொல்கிறாள். இந்த அழைப்பு வீடு வீடாகப் போகிறது, தினமும் யாருக்காவது வந்துகொண்டே இருக்கிறது. கல்யாணம் என்பது சாவு. பீஜி கட்டிலில் உட்கார்ந்து, பேத்தியின் தலையைக் கோதிக்கொண்டே இதைச் சொல்வதை எத்தனையோ ராத்திரி மாடிப்படியில் ஏறும்போது கேட்டிருக்கிறேன். தாலாட்டு என்றே நினைத்துவந்தேன். பக்கத்து வீட்டுப் பெரியவர் இறந்தபோது நானும் சுடுகாட்டுக்குப் போனேன். சிதைக்குத் தீ வைத்ததும் பாட்டி ஒருவர் ஆரம்பித்தார், கூட்டம் முழுக்க அடிக்குரலில் சேர்ந்துகொண்டது, எனக்கும் அது தெரிந்த பாட்டாக இருந்தது. தினமும் குழந்தையைத் தூங்கவைக்கிற பாட்டும் கடைசியாக வழியனுப்புகிற பாட்டும் ஒன்றே என்று வைத்தவர்களுக்கு, சாவைப் பற்றிக் குழந்தைகளிடம் மறைக்க ஒன்றும் இல்லை போல. எங்கள் வீட்டில் அந்தப் பேச்சை எடுத்தாலே வாயில் அடி விழும்.

எந்த பாணி முடிந்தாலும் கடைசியில் எழுந்து நின்று, கைகூப்பிச் சொல்வது அர்தாஸ். இந்த தினசரி வழிபாட்டிலேயே என்னை மிகவும் யோசிக்கவைத்தது இதுதான். மற்றதெல்லாம் குருமார்களின் பாடல்கள், கிரந்தங்களில் உள்ளவை. அர்தாஸில் முதல் பகுதி மட்டும் கோபிந்த் சிங்குடையது, மீதியைச் சமூகமே காலப்போக்கில் சேர்த்துக் கட்டியது. தொடக்கத்தையும் கடைசி வரியையும் மாற்றக்கூடாது, நடுவில் மாற்றலாம் என்று ரஹித் மரியாதாவே இடம் கொடுக்கிறது. குருமார்களின் பெயர்கள் வரிசையாக வரும், அப்புறம் கோபிந்த் சிங்கிடம் முதலில் அமிர்தம் எடுத்த ஐந்து பியாரேக்கள், அவருடைய மகன்களான நாலு சாகிப்ஜாதேக்கள், பின்னால் தியாகிகள். ரம்பத்தால் அறுக்கப்பட்டவர்கள், மண்டைத்தோல் உரிக்கப்பட்டவர்கள், சக்கரத்தில் ஏற்றப்பட்டவர்கள், மூட்டு மூட்டாக வெட்டப்பட்டவர்கள். பெயர் சொல்வதில்லை, ஆனால் சின்னப் பிள்ளைக்கும் தெரியும், ரம்பம் என்றால் 1675-இல் டெல்லியில் பாய் மதி தாஸ், மண்டைத்தோல் என்றால் 1745-இல் லாகூரில் பாய் தாரு சிங். ஒவ்வொரு பத்திக்கும் நின்று எல்லோரும் வாஹேகுரு என்பார்கள். இந்தக் கோரமான பட்டியலுக்குச் சற்று முன்புதான், நாமத்தை ஜபித்தவர்கள், பகிர்ந்து உண்டவர்கள், அடுப்பு மூட்டிச் சோறு போட்டவர்கள், பிறர் குறையைக் கண்டும் காணாதது போல இருந்தவர்கள் என்று ஒரு வரிசை வருகிறது. கழுத்தைக் கொடுத்தவருக்கு என்ன மரியாதையோ, அதே மூச்சில் பக்கத்து வீட்டுக்காரன் குறையைப் பேசாதவனுக்கும் மரியாதை. அந்தரங்கமான விண்ணப்பத்துக்கு நடுவில் ஓரிரு வரிதான் இடம். பரீட்சையோ, ஆபரேஷனோ, புதுக் கடையோ, அதை அங்கே சொல்லிக்கொள்ளலாம். எழுத்து கூடியிருந்தால் குறைந்திருந்தால் மன்னித்துக்கொள் என்று ஒரு வரி, எல்லோருக்கும் நல்லது நடக்கட்டும் என்று முடிப்பு. நாலு மணிக்குத் தனியாக நின்று ஒரு கிழவி சொல்வது முழுக்க ‘நாங்கள்’ என்று இருக்கிறது.

இதில் 1947-க்குப் பிறகு ஒரு வரி சேர்ந்தது. பந்த் எனப்படும் சீக்கிய சமூகத்திடமிருந்து பிரிக்கப்பட்ட நன்கானா சாகிபையும் மற்ற குருத்வாராக்களையும் தடையில்லாமல் தரிசிக்கவும் பராமரிக்கவும் அருள் செய் என்ற வரி. நானக் பிறந்த நன்கானாவும், கடைசிக் காலத்தில் ஏர் பிடித்து வாழ்ந்து 1539-இல் மறைந்த கர்த்தார்பூரும் பாகிஸ்தானுக்குப் போய்விட்டன. 1604-இல், கிரந்தத்தின் முதல் தொகுப்பான ஆதி கிரந்தத்தைத் தன் கையால் எழுதிய பாய் குர்தாஸ், கர்த்தார்பூரில் நானக் இருந்தபோது மாலையில் சோதர் என்ற பாட்டும் ஆரத்தியும் பாடினார்கள், விடிகாலையில் ஜப் சொன்னார்கள் என்று குறித்திருக்கிறார். பீஜி சமையலறையில் சொல்வதெல்லாம் தொடங்கிய இடம் அதுதான். அது எல்லையிலிருந்து நாலு கிலோமீட்டர் சொச்சத்தில் இருக்கிறது. இந்தியப் பக்கத்தில் உள்ள டேரா பாபா நானக்கில் ஒரு மேடை மேல் ஏறி, பைனாகுலரில் பார்த்துக் கும்பிட்டுவிட்டு வந்தார்கள், வருஷக்கணக்கில்.

2019 நவம்பர் 9 அன்று கர்த்தார்பூருக்குப் பாதை திறந்தது. கொரோனாவால் அடுத்த மார்ச்சிலேயே மூடி, 2021 நவம்பரில் மறுபடி திறந்தார்கள். அதற்கடுத்த வருஷம் பீஜியைக் கூட்டிக்கொண்டு போனார்கள். விசா வேண்டாம், பாஸ்போர்ட் வேண்டும், பாகிஸ்தானுக்கு ஆளுக்கு 20 டாலர் கட்டணம், ஏழு கிலோவுக்கு மேல் பை கூடாது, சாயங்காலத்துக்குள் திரும்பிவிட வேண்டும். நான் அப்போது திருப்பூருக்கே வந்துவிட்டேன், போனில்தான் கேட்டேன். வயலைப் பார்த்தாராம், லங்கரில், அதாவது குருத்வாராவின் பொதுச் சாப்பாட்டுக்கூடத்தில், சாப்பிட்டாராம், நடக்க முடியாமல் சக்கர நாற்காலியில் சுற்றினாராம்.

மறுநாள் காலை அர்தாஸில் அந்த வரி அப்படியே வந்ததும் பேரன் கேட்டிருக்கிறான், நேற்றுத்தானே போய்விட்டு வந்தோம், இன்னும் எதற்கு அதைச் சொல்கிறாய் என்று. பீஜி என்னிடம் போனில் அதைச் சொல்லிச் சிரித்தார். “பேட்டா, இருபது டாலர் கட்டி, பையை எடை போட்டு, பொழுது சாயறதுக்குள்ள வெளியே போன்னு சொன்னா அது தடையில்லாத தரிசனமா? நன்கானாவுக்கு இந்த மாதிரி பாதைகூட இல்ல. அதுக்குள்ள எடுத்துடச் சொல்றான்.”

2025 மே மாதம் அந்தப் பாதையை மறுபடி மூடினார்கள். பேரன் அப்புறம் அந்தப் பேச்சை எடுக்கவில்லை.